மெதுவாகப் பார்க்கும் கண்ணுக்காகக் காத்திருப்போம்

தியானப் பகுதி: மாற்கு 8:22–26



இந்த வாரத் தியானத்துக்குக் காரணமானவர் நம் சபையின் வாலிபர் ஒருவர். கறம்பக்குடியில் பிறந்து, நம் ஞாயிறு பள்ளியில் வளர்ந்து, இப்போது ஐரோப்பாவில் பணிபுரிகிறார். விடுமுறையில் உரோமாபுரிக்குச் செல்ல எண்ணியிருக்கும் அவர் தொலைபேசியில் என்னிடம் ஒரு கேள்வி கேட்டார்: “ஐயா, வத்திக்கான் அருங்காட்சியகத்துக்குள் பொதுமக்களை விடுவதற்கு முன்பே, அதிகாலையில், சிறு குழுவாக வழிகாட்டியோடு அழைத்துப் போகிறார்கள். ஆனால் சாதாரண நுழைவுச்சீட்டைவிடப் பல மடங்கு கட்டணம். அந்தப் பணத்தைக் கொடுப்பது வீண் ஆடம்பரமா? அம்மாவிடம் சொன்னால் என்ன சொல்வார்களோ என்று யோசனையாக இருக்கிறது.”

அவருக்குச் சொன்ன பதிலைப் பின்னால் சொல்கிறேன். கேள்வி அவருடையதுதான் என்றாலும், அதற்குள் நம் எல்லோருக்கும் உரிய ஒரு காரியம் இருக்கிறது. நம்மில் பலர் உரோமாபுரிக்குப் போகப்போவதில்லை. ஆனால் பார்ப்பது என்பது நாம் ஒவ்வொருவரும் நாள்தோறும் செய்கிற வேலை. அதை எப்படிச் செய்கிறோம் என்று இந்த வாரம் சற்றுச் சிந்திப்போம்.

கூட்டத்தின் நடுவே

வத்திக்கான் அருங்காட்சியகங்களுக்கு ஆண்டுதோறும் 60 இலட்சத்துக்கும் மேற்பட்டோர் வருகின்றனர். அவர்களில் பெரும்பாலோர் தேடி வருவது சிஸ்டைன் சிற்றாலயத்தை. அதன் மேற்கூரையில் ஆதியாகமத்தின் காட்சிகளை மைக்கேலாஞ்சலோ 1508 முதல் 1512 வரை தீட்டினார். உயரமான சாரத்தின்மேல் நின்று, அண்ணாந்த கழுத்தோடு நான்கு ஆண்டுகள் உழைத்தார். அவ்வளவு காலம் எடுத்து வரைந்ததை, நண்பகல் வேளையில் உள்ளே செல்பவர் தோளோடு தோள் உரச நின்று சில நிமிடங்கள் அண்ணாந்து பார்க்கிறார். பின்னால் வருகிறவர்களின் நெருக்கத்தால் நகர்ந்து வெளியேறுகிறார். அமைதி காக்கும்படி காவலர்கள் திரும்பத் திரும்பச் சொல்லவேண்டியிருக்கிறது. அத்தனை பேரின் மூச்சும் வியர்வையும் அவர்கள் கொண்டுவரும் தூசியும் ஓவியத்துக்கே கேடு விளைவிக்கும் என்பதால், 2014ஆம் ஆண்டில் காற்றைச் சீராக்கும் புதிய ஏற்பாடு ஒன்றை அங்கே அமைத்தார்கள்.

அதே இடத்துக்கு வேறொரு முகமும் உண்டு. அந்த அருங்காட்சியகங்களில் சாவிக் காப்பாளர்கள் என்று சிலர் பணிபுரிகின்றனர். அவர்கள் பொறுப்பில் 2,797 சாவிகள் இருக்கின்றன. விடியுமுன் ஒவ்வொரு கதவாகத் திறந்து, கூடம் கூடமாக விளக்கைப் போட்டுக்கொண்டே நடப்பார்கள். சிஸ்டைன் சிற்றாலயத்தின் சாவிக்கு மட்டும் எண் இல்லை. அதை முத்திரையிட்ட உறைக்குள் வைத்துக் காக்கிறார்கள். அந்தச் சாவிக் காப்பாளரோடு அதிகாலையில் ஒரு சிறு குழு நடந்து செல்வதற்கும் இப்போது வழி செய்திருக்கிறார்கள். இருட்டில் நின்றுகொண்டிருக்கும்போதே விளக்கு எரிகிறது. தலைக்குமேல் படைப்பின் கதை விரிகிறது. காலையில் அங்கே இருக்கும் ஓவியம்தான் நண்பகலிலும் இருக்கிறது. பார்க்கிறவர்களுக்குக் கிடைக்கும் இடமும் நேரமும் மாறிவிடுகின்றன.

பாரிஸ் நகரத்தின் லூவர் அருங்காட்சியகத்தைப் பற்றிய ஒரு செய்தி என்னை வெகுநாள் சிந்திக்க வைத்தது. அங்கே ஒரு பெரிய கூடத்தில் மோனாலிசா ஓவியம் இருக்கிறது. 77 சென்டிமீட்டர் உயரமும் 53 சென்டிமீட்டர் அகலமும் உள்ள சிறிய படம். அதன் முன்னால் நாள் முழுவதும் கைப்பேசிகளை உயர்த்திப் பிடித்தபடி ஒரு கூட்டம் நிற்கிறது. அதே கூடத்தின் எதிர்ச்சுவரில் அந்த அருங்காட்சியகத்தின் மிகப் பெரிய ஓவியம் தொங்குகிறது. ஏறத்தாழ 10 மீட்டர் அகலமும் 6.77 மீட்டர் உயரமும் கொண்ட அதை, வெனிசு நகரத்துத் துறவிகளின் உணவுக்கூடத்துக்காக வெரோனேசே 1563இல் வரைந்து முடித்தார். அதன் பொருள் என்ன தெரியுமா? கானா ஊர்க் கல்யாணம். சுமார் 130 பேர் கூடியிருக்கும் அந்த விருந்தின் நடுவில் நம் ஆண்டவர் அமர்ந்திருக்கிறார். கூடத்தில் நிற்கும் கூட்டத்தில் பெரும்பாலோர் அவருக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறார்கள்.

இதை நான் குறைசொல்வதற்காக எழுதவில்லை. மோனாலிசா பார்க்கத்தக்க ஓவியமே. ஆனால் கூட்டம் எந்தப் பக்கம் திரும்புகிறதோ, அந்தப் பக்கமே நம் முகமும் திரும்பிவிடுகிறது. திரும்பிப் பார்ப்பதற்குக்கூட இடம் வேண்டும், நேரம் வேண்டும். “பின்னால் பாருங்கள்” என்று சொல்ல ஒருவர் வேண்டும்.

கால்மணி நேரமும் மணிக்கணக்கும்

கூட்டத்தைத் தாங்கவே முடியாத ஓவியங்களும் உள்ளன. இத்தாலியின் மிலான் நகரத்தில், சாந்தா மரியா தெல்லே கிராசியே மடத்தின் உணவுக்கூடச் சுவரில் லியோனார்டோ டா வின்சி தீட்டிய கடைசி இராப்போஜனம் அத்தகையது. நம் வீடுகள் பலவற்றில் அதன் அச்சுப்படம் தொங்குகிறது. ஈரச் சுண்ணாம்பின்மேல் வரைந்தால் நிறம் சுவரோடு ஒன்றாகி நிலைக்கும். ஆனால் அம்முறையில் விரைந்து வரையவேண்டும். நிதானமாகத் திருத்தித் திருத்தி வரைய விரும்பிய லியோனார்டோ, காய்ந்த சுவரின்மேல் தீட்டினார். அதனால் அவர் காலத்திலேயே வண்ணம் உதிரத் தொடங்கிவிட்டது. இரண்டாம் உலகப்போரில், 1943இல், அந்தக் கட்டடத்தின்மேல் குண்டு விழுந்தது. மணல் மூட்டைகளால் காக்கப்பட்டிருந்த அச்சுவர் நின்றது. 1978 முதல் 1999 வரை இருபது ஆண்டுகளுக்கும் மேலாக, அங்குலம் அங்குலமாக அதைச் சுத்தம் செய்தார்கள்.

இப்போது அங்கே எத்தனை பணம் கொடுத்தாலும் கூட்டமாகப் போகமுடியாது. முன்பதிவு செய்த ஒரு சிறு குழுவை மட்டும் உள்ளே விடுகிறார்கள். தூசியையும் ஈரத்தையும் தடுக்கும் கதவுகள் ஒன்று அடைத்தபின் ஒன்று திறக்கும். உள்ளே 15 நிமிடம் மட்டும். அதன்பின் அடுத்த குழு. நலிந்த ஒன்றைப் பார்க்கப் போகிறவர்கள், தங்கள் மூச்சும் அதற்குப் பாரமாகாதபடி போகவேண்டும் என்பதை அந்த ஏற்பாடு கற்பிக்கிறது. மருத்துவமனையில் நோயாளியைப் பார்க்கப் போகும்போதும், துக்க வீட்டுக்குப் போகும்போதும் நமக்கு வேண்டிய பாடமும் இதுதான்.

கால்மணி நேரத்தில் திருப்தியடையாத ஒருவரும் இருந்தார். ஹென்றி நூவன் என்ற கத்தோலிக்க குருவானவர், கெட்ட குமாரன் வீடு திரும்பும் காட்சியை ரெம்பிராண்ட் வரைந்த ஓவியத்தின் அச்சுப்படத்தை 1983இல் கண்டு மனம் உருகினார். 1986இல், அப்போது லெனின்கிராடு என்று அழைக்கப்பட்ட நகரத்துக்குச் சென்று, ஹெர்மிடேஜ் அருங்காட்சியகத்தில் மூல ஓவியத்தின் முன் ஒரு நாற்காலியில் அமர்ந்தார். சுற்றுலாக் குழுக்கள் ஒன்றன்பின் ஒன்றாக வந்து, வழிகாட்டி சொல்வதைக் கேட்டு, நகர்ந்துகொண்டிருந்தன. அவர் மணிக்கணக்காக உட்கார்ந்திருந்தார். சன்னல் வெளிச்சம் மாற மாற, ஓவியத்தின் ஒவ்வொரு பகுதியாக ஒளிபெற்றது. மகனின் முதுகைத் தழுவும் தகப்பனின் இரு கைகளும் ஒன்றுபோல் இல்லை என்பதையும், ஒன்று வலிமையாகவும் மற்றது மென்மையாகவும் இருப்பதையும் அவர் வெகுவாகத் தியானித்தார். அந்த ஓவியத்தைப் பற்றி அவர் எழுதிய நூல் இன்றும் உலகமெங்கும் வாசிக்கப்படுகிறது.

கையைப் பிடித்து வெளியே

இனி நம் தியானப் பகுதிக்கு வருவோம். பெத்சாயிதாவில் பார்வையற்ற ஒருவரைச் சிலர் இயேசுவிடம் கொண்டுவந்து, அவரைத் தொடும்படி வேண்டுகிறார்கள். நாம் சாதாரணமாக இந்த அற்புதத்தின் இரண்டாம் பகுதியையே பேசுகிறோம். முதல்முறை கைவைத்தபோது அம்மனிதருக்கு மனிதர்கள் நடக்கும் மரங்களைப்போல் மங்கலாகத் தெரிந்தார்கள். இரண்டாம் முறை கைவைத்தபோது எல்லாம் தெளிவாயிற்று. ஆனால் அதற்கு முன்பே நடந்த ஒன்றை மாற்கு கவனமாக எழுதிவைத்திருக்கிறார். ஆண்டவர் அம்மனிதரின் கையைப் பிடித்து, ஊருக்கு வெளியே அழைத்துச் செல்கிறார்.

எவ்வளவு தூரம் நடந்தார்கள் என்று எழுதப்படவில்லை. ஆனால் பார்வையற்றவரோடு நடப்பவர் மெதுவாகத்தான் நடக்கமுடியும். கல்லும் மேடும் பார்த்துச் சொல்லிக்கொண்டே நடக்கவேண்டும். கூட்டத்தைவிட்டு விலகி, ஒருவருடைய நடைக்கு ஆண்டவர் தம் நடையைக் குறைத்துக்கொண்டார். அதன்பின், என்ன தெரிகிறது என்று கேட்டார். தெளிவில்லாத பதில் வந்தபோது கோபப்படவில்லை, அவசரப்படவில்லை. மறுபடியும் கைவைத்தார். பார்வை படிப்படியாக வருவதில் வெட்கத்துக்குரியது ஒன்றுமில்லை என்பதற்கு வேதத்தில் இதைவிட நல்ல சாட்சி எனக்குத் தெரியவில்லை.

நம் மாவட்டத்து மலையில்

உரோமாபுரியும் மிலானும் தொலைவில் இருக்கின்றன. ஆனால் உலகப் புகழ்பெற்ற ஓவியங்கள் நம் புதுக்கோட்டை மாவட்டத்திலேயே இருக்கின்றன. சித்தன்னவாசல், புதுக்கோட்டை நகரத்திலிருந்து சுமார் 16 கிலோமீட்டர் தூரம். அங்கே மலையைக் குடைந்து அமைத்த சமணர் கோயிலை அறிவர் கோயில் என்பார்கள். 9ஆம் நூற்றாண்டில், பாண்டியன் சீமாறன் சீவல்லபன் காலத்தில், மதுரையைச் சேர்ந்த இளங்கௌதமன் என்ற ஆசிரியர் அதைப் புதுப்பித்த செய்தி அங்குள்ள கல்வெட்டிலேயே இருக்கிறது. ஒரு காலத்தில் சுவர், தூண், கூரை எங்கும் ஓவியம் இருந்தது. இன்று பெரும்பகுதி அழிந்து, கூரையிலும் தூண்களின் மேற்பகுதியிலும் சிலவே எஞ்சியிருக்கின்றன. கூரையில் ஒரு தாமரைக்குளம். இலை, மொக்கு, மலர், மீன், பறவை, எருமை, யானை, பூப்பறிக்கும் மனிதர்.

நம் சபையில் ஓய்வுபெற்ற ஆசிரியை ஒருவர் இருக்கிறார். டீச்சரம்மா என்றே எல்லோரும் அழைப்போம். 31 ஆண்டுகள் சமூக அறிவியல் பாடம் நடத்தியவர். சித்தன்னவாசலைப் பற்றிப் பாடப்புத்தகத்தில் வரும்போதெல்லாம், மங்கலான ஓர் அச்சுப்படத்தைக் காட்டிப் பிள்ளைகளுக்குச் சொல்லிக்கொடுத்தார். வேலை, குடும்பம், மாமியாரின் நோய் என்று ஆண்டுகள் ஓடியதில், நேரில் போய்ப் பார்க்க வாய்க்கவில்லை. இப்போது அவருக்குக் கிளாக்கோமா. பார்வை ஓரங்களிலிருந்து சுருங்கிக்கொண்டே வருகிறது. இருக்கும் பார்வையைக் காப்பதற்குச் சொட்டு மருந்து உண்டு. போன பார்வை திரும்பாது என்று மருத்துவர் தெளிவாகச் சொல்லிவிட்டார். நாம் அவருக்காக ஜெபித்தோம், இன்றும் ஜெபித்துக்கொண்டிருக்கிறோம். ஒரு நாள் அவர் என்னிடம், “ஐயா, இருக்கிற கண்ணுக்கு அந்தக் குளத்தை ஒருமுறை நன்றாகக் காட்டிவிடுங்கள்” என்றார்.

சென்ற தை மாதத்தில் எட்டுப் பேர் புறப்பட்டோம். டீச்சரம்மா, அவரிடம் முன்னொரு காலத்தில் படித்த தம்பதியர், ஒன்பதாம் வகுப்புப் பிள்ளைகள் இருவர், ஐடிஐயில் படிக்கும் தம்பி, வேன் ஓட்டிய சகோதரர், நான். விடியுமுன் கறம்பக்குடியைவிட்டு, ஆலங்குடி வழியாகப் பனிக்குள் சென்றோம். திறக்கும் நேரத்துக்கு முன்பே மலையடியில் இறங்கி, கட்டிக்கொண்டுபோன இட்லியைச் சாப்பிட்டுக் காத்திருந்தோம். தொல்லியல் துறைப் பணியாளர் வந்து பூட்டைத் திறந்தபோது எங்களைத் தவிர யாரும் இல்லை.

உள்ளே சென்றதும் பிள்ளைகள் உடனே அண்ணாந்தார்கள். அந்தப் பணியாளர், “இப்போது பார்க்காதீர்கள். வெளிச்சத்திலிருந்து வந்திருக்கிறீர்கள். கண்ணை மூடிக்கொண்டு நூறு வரை எண்ணுங்கள், அப்புறம் திறங்கள்” என்றார். எட்டுப் பேரும் கண்ணை மூடி நின்றோம். திறந்தபோது, வெறும் கறையாகத் தெரிந்த இடத்தில் பச்சை இலைகள் எழுந்துவந்தன. பிள்ளைகள் மீனைக் கண்டார்கள். தம்பி யானையைக் கண்டார். டீச்சரம்மா மட்டும், “எனக்குச் சாம்பல் நிறம்தான் தெரிகிறது, ஐயா” என்றார்.

கிளாக்கோமா உள்ள கண், மங்கலான ஒளிக்குப் பழக அதிக நேரம் எடுத்துக்கொள்ளும். அதனால் காத்திருந்தோம். பிள்ளைகள் இருவரும் அவருடைய முழங்கையைப் பிடித்துக்கொண்டு, “அங்கே வாத்து, இங்கே எருமை” என்று ஒரே மூச்சில் சொல்லத் தொடங்கினார்கள். பணியாளர் அவர்களைத் தடுத்து, “எல்லாவற்றையும் சொல்லிவிடாதீர்கள், அம்மாவே கண்டுபிடிக்கட்டும். ஓர் இலை எங்கே இருக்கிறது என்று மட்டும் காட்டுங்கள்” என்றார். ஓர் இலையைக் காட்டினார்கள். அந்த இலையிலிருந்து டீச்சரம்மா தொடங்கினார். வளையலின் வழியாகப் பார்ப்பதுபோல் கொஞ்சம் கொஞ்சமாகத் தலையை நகர்த்தினார். இலையிலிருந்து தண்டுக்கு, தண்டிலிருந்து பூவுக்கு, பூவிலிருந்து அதைப் பிடித்திருக்கும் கைக்கு. கால்மணி நேரம் ஆகியிருக்கும். “ஆள் நிற்கிறார்! பூப் பறிக்கிறார்!” என்றார். பின்பு இன்னும் சற்று நகர்ந்து, “இந்த இலைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன மீன் இருக்கிறதே, பார்த்தீர்களா?” என்று கேட்டார். நாங்கள் ஏழு பேரும் அதைப் பார்த்திருக்கவில்லை. ஒரே பார்வையில் முழுக் குளத்தையும் பார்த்துவிட்டோம் என்று நினைத்த எங்களுக்கு, அங்குலம் அங்குலமாகப் பார்த்தவர் அந்த மீனைக் காட்டினார்.

நாங்கள் வெளியே வரும்போது இரண்டு சுற்றுலாப் பேருந்துகள் வந்து நின்றன. பதினைந்து பேர் நின்றாலே நெருக்கமாகிவிடும் அந்த இடத்தில் பிள்ளைகள் வரிசையாக நுழைந்து வரிசையாக வெளியேறினார்கள். அழைத்து வந்த ஆசிரியர்களையும் சொல்லிக் குற்றமில்லை. நண்பகலுக்குள் அவர்கள் இன்னும் மூன்று இடம் பார்க்கவேண்டும். ஆனால் அந்த வரிசையில் டீச்சரம்மா நின்றிருந்தால், சாம்பல் நிறத்தை மட்டும் பார்த்துவிட்டு வந்திருப்பார். வேனில் ஏறியபின் அவர் சொன்னார்: “இது உலகப் புகழ் பெற்றது என்று பிள்ளைகளுக்கு 31 வருடம் சொன்னேன். எதனால் என்று இன்றைக்குத்தான் தெரிந்தது.”

பிரியமானவர்களே, அதிகாலையும் சிறு குழுவும் வழிகாட்டியும் எதற்காக என்பதை அந்தக் காலையில் கண்டேன். சீக்கிரம் போனதால் நேரம் கிடைத்தது. எட்டுப் பேர் மட்டும் போனதால், எல்லோரிலும் மெதுவாகப் பார்க்கும் கண்ணுக்காக மற்றவர்கள் காத்திருக்க முடிந்தது. காட்டுகிறவர் பொறுமையுள்ளவராக இருந்ததால், அவர் தம் கண்ணாலேயே கண்டார். கண்ணைத் திறக்கும் வல்லமை நம்மிடம் இல்லை. டீச்சரம்மாவின் பார்வை திரும்பவில்லை. ஆனால் பெத்சாயிதாவில் ஆண்டவர் முதலில் செய்ததை, கையைப் பிடித்துக் கூட்டத்துக்கு வெளியே அழைத்துச் செல்வதை, நாம் செய்யமுடியும். அதைச் செய்யும் எட்டுப் பேர் எங்கே இருந்தாலும் அது சபைதான்.

கேள்விகளும் பதில்களும்

“கிறிஸ்தவப் போதகர் நம்மைச் சமணர் கோயிலுக்கு அழைத்துப் போகலாமா?” என்று ஒரு மூப்பர் அன்போடு கேட்டார். கேட்டது நியாயமே. நாங்கள் அங்கே ஆராதிக்கச் செல்லவில்லை. ஆயிரம் ஆண்டுகளுக்கு முன் இந்த மண்ணில் வாழ்ந்தவர்கள், ஓர் உயிருக்கும் தீங்கு செய்யாமல் வாழ விரும்பியவர்கள், எதை அழகு என்று கருதினார்கள் என்று அறியச் சென்றோம். தாமரையையும் மீனையும் படைத்தவர் யார் என்பதில் எங்களுக்கு ஐயமில்லை. அவற்றை இவ்வளவு அன்போடு உற்றுப் பார்த்த ஒரு கையை மதிப்பதால் நம் விசுவாசம் குறைந்துபோவதில்லை. ஆண்டவரும் காட்டுப் பூக்களை உற்றுப் பார்க்கும்படி நமக்குச் சொன்னார்.

இனி, அந்த வாலிபருக்கு நான் சொன்ன பதில். “கடன் வாங்காமல், அம்மாவுக்கு அனுப்பவேண்டியதில் குறைக்காமல் கொடுக்கமுடியுமானால், தயங்காமல் போங்கள், தம்பி. அந்தக் கூடுதல் கட்டணத்தில் உங்களுக்குக் கிடைப்பது அமைதியும் நேரமும்தான். அவற்றை வாங்கிய பின் கைப்பேசிக்குக் கொடுத்துவிடாதீர்கள். முதல் பத்து நிமிடம் படம் எடுக்காதீர்கள். பணம் போதவில்லை என்றாலும் வருந்தவேண்டாம். குளிர்காலத்தில், கூட்டம் குறைந்த நாளாகப் பார்த்துப் போங்கள். பத்துக் கூடங்களை ஓடிப் பார்ப்பதைவிட ஒரு கூடத்தில் ஓர் ஓவியத்தின் முன் நில்லுங்கள். உங்களைவிட மெதுவாக நடப்பவர் யாராவது பக்கத்தில் இருந்தால், அவருக்கு இடம்விடுங்கள்.”

ஒரு வருத்தத்தையும் அவரிடம் மறைக்கவில்லை. அமைதியாகப் பார்ப்பது பணமுள்ளவர்களுக்கு மட்டும் என்று ஆகிவிடக்கூடாது. உலகின் பெரிய அருங்காட்சியகங்களில் அமைதி விலைக்குப் போகிறது. நம் ஊரிலோ அது பெரும்பாலும் இலவசமாகவே கிடைக்கிறது. எடுத்துக்கொள்ள ஆளில்லை.

ஆகையால் நாம் எடுத்துக்கொள்வோம். திருக்கோகர்ணத்தில் 1910இல் தொடங்கிய புதுக்கோட்டை அரசு அருங்காட்சியகம் இருக்கிறது. தஞ்சாவூர் அரண்மனைக் கலைக்கூடத்தில், திருவெண்காட்டிலிருந்து வந்த, 1011ஆம் ஆண்டைச் சேர்ந்த செப்புத் திருமேனி ஒன்று நிற்கிறது. பக்கத்தில் இருந்த காளை காணாமற்போய்விட்டது. ஆனால் அதன்மேல் சாய்ந்திருந்த கையைப் பார்க்கும்போது, காளை அங்கேயே நிற்பதுபோல் தோன்றும். அதே தஞ்சாவூரில், சிவகங்கைப் பூங்காவை அடுத்த சுவார்ட்ஸ் ஆலயத்தில், இங்கிலாந்தின் சிற்பி ஜான் பிளாக்ஸ்மன் வடித்த சலவைக்கல் சிற்பம் உண்டு. 1798இல் காலமான சுவார்ட்ஸ் ஐயரின் நினைவாக மன்னர் சரபோஜி செய்வித்தது. மரணப்படுக்கையில் கிடக்கும் மிஷனரியின் கையை மன்னர் பற்றியிருக்கிறார். பள்ளிப் பிள்ளைகளும் அருகில் நிற்கிறார்கள். நம் சபையார் பலர் அந்த நகரத்துக்குத் துணி எடுக்கவும் மருத்துவமனைக்கும் அடிக்கடி போய்வருகிறோம். ஒரு காலை வேளையை இதற்கென்று ஒதுக்குவோம். எட்டுப் பேருக்கு மேல் வேண்டாம். ஒரே நாளில் எல்லா இடமும் வேண்டாம். மெதுவாக நடக்கிறவர்கள் முதலில் பெயர் கொடுங்கள்.

அருங்காட்சியகத்துக்கே போகாதவர்களுக்கும் இந்தத் தியானத்தில் வேலை இருக்கிறது. 2018 நவம்பரில் கஜா புயல் சாய்த்த தென்னைகளை, அவை விழுந்த பிறகுதான் நம்மில் பலர் ஒவ்வொன்றாக எண்ணிப் பார்த்தோம். நிற்கும்போது அவை வெறும் தோப்பாகவே தெரிந்தன. நம் வீட்டில் இருக்கிறவர்களும் அப்படியே. தகப்பனாரின் கைகளை, மனைவியின் முகத்தை, வாசலோரம் உட்கார்ந்திருக்கும் பாட்டியை, போகிற போக்கில் பார்த்துக் கடந்துவிடுகிறோம். ஞாயிறு ஆராதனை முடிந்தபின், கடைசி வரிசையில் தடியை ஊன்றி எழுந்திருப்பவருக்கு முன் நாம் அனைவரும் வாசலைக் கடந்துவிடுகிறோமா என்று இந்த வாரம் கவனித்துப் பாருங்கள்.

சரீரப்பிரகாரமான ஓர் ஆலோசனையும் சொல்லிவிடுகிறேன். கிளாக்கோமா பெரும்பாலும் வலியில்லாமல் வருவது. நாற்பது வயதைக் கடந்தவர்களும், குடும்பத்தில் அந்த நோய் உள்ளவர்களும், கண் அழுத்தத்தைப் பரிசோதித்துக்கொள்ளுங்கள். தாமதிக்கவேண்டாம்.

இந்த வாரம் செய்ய

ஒரு நாள் காலையில் அரைமணி நேரம் முன்னதாக எழுந்திருங்கள். உங்கள் வீட்டில் உள்ள ஒருவரையோ, ஒரு மரத்தையோ, சுவரில் தொங்கும் ஒரு படத்தையோ பத்து நிமிடம் பாருங்கள். இதுவரை காணாத ஒன்றைக் காணும்வரை பாருங்கள். அதன்பின், மெதுவாகப் பார்க்கும் ஒருவரை அழைத்துவந்து, எல்லாவற்றையும் சொல்லிவிடாமல், ஓர் இலையை மட்டும் காட்டுங்கள். அவர் காண்பதை நீங்கள் கேளுங்கள்.

ஜெபம்

கண்களை உண்டாக்கின பிதாவே, காண்பதற்கு நீர் தந்த ஒவ்வொரு காலைக்காகவும் உம்மைத் துதிக்கிறோம். பார்வை குறைந்துவரும் உம்முடைய பிள்ளைகளின் கையைப் பிடித்துக்கொள்ளும். அவர்களுக்காகக் காத்திருக்கும் பொறுமையை எங்களுக்குத் தாரும். கூட்டம் திரும்பும் பக்கமெல்லாம் நாங்களும் திரும்பிவிடாமல், எங்கள் நடுவில் அமர்ந்திருக்கும் உம்முடைய குமாரனைக் காணச் செய்யும். அவருடைய நாமத்தில் கேட்கிறோம். ஆமென்.